கண்ணீர் அஞ்சல்

ஸ்ரீவில்லிபுத்தூர்
12.6.2024
(வாய்விட்டு வாசிக்காதே)

அன்புத் தங்கை பொன்மணிக்கு அண்ணன் ரத்தினம் எழுதுவது. இங்கே நானும் உன் மதினி முனீஸ்வரியும் சுகம். அங்கே நீயும் மாப்பிள்ளையும் சுகமாயிருக்க ஆண்டாள் துணை. எங்கள் வீட்டில் மூன்றாவதாக ஒரு ஆள் இருக்கிறது. அதன் சுகத்தை விசாரித்தால் அழுகிறது. ஆமாம், சரியாகத்தான் யூகித்தாய். அழுவாச்சி வந்து உட்கார்ந்திருக்கிறது.

இதுவரை உதட்டை அசைக்காமல் வந்திருப்பாய் என்று நம்புகிறேன். நீ பாடப்புத்தகத்தையே மூன்று தெருவுக்குக் கேட்க வாசித்தவள். அழுவாச்சி சேதியைப் போனில் சொன்னால் கேட்டவர் வீட்டிலும் ஒன்று வந்து உட்காரும். கடிதத்தை வாய்விட்டு வாசித்தால் வாசித்தவர் வீட்டுக்கு வரும். இந்த ஒரு காரணத்தால்தான் தபால் இலாகா இன்னும் பிழைத்துக் கிடக்கிறது. இங்கிருந்து ராஜபாளையத்துக்குப் பஸ்ஸில் அரைமணி நேரம், கடிதத்துக்கு நாலு நாள். இடையில் அது எங்கே போய் டீ குடிக்கிறதோ தெரியவில்லை.

ஒரு வீட்டில் சாவு விழுந்தால் மூன்றாம் நாள் பிளவக்கல் அணைக்கு மேலேயுள்ள மலையிலிருந்து ஓர் அழுவாச்சி இறங்கி வரும், பதினாறாம் நாள் வீட்டார் அழுது முடித்ததும் எழுந்து போகும். அப்பாவுக்கும் வந்தது, அம்மாவுக்கும் வந்தது. ஆனால் என் வீட்டில் யாரும் சாகவில்லையே! பிப்ரவரி எட்டாம் தேதி கடைக்குக் கிளம்பிச் செருப்பு மாட்டுகிறேன், வாசலில் நிற்கிறது. கிணற்றடி ஈரத்தைச் சேலையாகச் சுற்றிய மாதிரி உருவம். முகம் இருக்க வேண்டிய இடத்தில் மழைநாள் ஜன்னல் கண்ணாடி. 'அட்ரஸ் மாறி வந்திட்டீக' என்றேன். அது நேரே உள்ளே போய் வாஷிங் மெஷின் பக்கத்துப் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தது. நாலு மாசமாக அங்கேதான்.

உன் மதினி இடுப்பில் கை வைத்துக் கேட்ட முதல் கேள்வி, "எவ செத்தா?"

"எவளும் சாகலட்டி."

"அப்பொ இது யாருக்கு அழுவுது? எனக்குத் தெரியாம ஒரு குடும்பம் வச்சிருந்தீகளா?"

பொன்னி, என்னை நீ பார்த்திருக்கிறாய். ஒரு குடும்பத்துக்கே இந்த வயிறு இடைஞ்சலாக இருக்கிறது. தெருவிலோ யாரும் வாயால் பேசுவதில்லை. நான் போனால் இரண்டு விரலைக் கன்னத்தில் இழுத்துக் காட்டிச் சிரிக்கிறார்கள். ஊருக்கெல்லாம் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் அடித்துக் கொடுப்பவன் வீட்டில் காரணமில்லாத கண்ணீர் என்றால் சிரிக்காமல் என்ன செய்வார்கள்?

உன் உடல்நிலம் எப்படி? பிரஷர் மாத்திரையை நிறுத்தாதே.

இப்படிக்கு,
ஈர வீட்டிலிருந்து உன் அண்ணன் ரத்தினம்

*

ராஜபாளையம்
20.6.2024

அன்புள்ள அண்ணனுக்குப் பொன்மணி எழுதிக்கொண்டது. நலம். மாத்திரை சாப்பிடுகிறேன். என் 'உடல்நிலம்' பட்டா போடும் அளவுக்கு விரிந்துதான் இருக்கிறது. அது 'உடல்நலம்'. மொத்தம் மூன்று பிழை, சிவப்பு மையில் சுழித்து வைத்திருக்கிறேன். இந்த லட்சணத்தில் நீ போஸ்டர் கடை வைத்திருக்கிறாய்.

உதட்டைக் கடித்துக்கொண்டுதான் வாசித்தேன். நீ நாலு பக்கம் எழுதியிருக்கிறாய். அது யாருக்காக வந்தது என்பதை மட்டும் எழுதவில்லை. அழுவாச்சிக்கு அட்ரஸ் மாறியதாக எங்காவது கேள்விப்பட்டிருக்கிறாயா? உன் போஸ்டரில் பேர் மாறும், அதற்கு மாறாது.

யாருக்கு என்று உனக்குத் தெரியுமா, தெரியாதா? ஒரு வரி போதும்.

மதினியைத் திட்டாதே. அவள் சந்தேகப்படுவதில் உனக்குக் கொஞ்சம் பெருமை இருப்பது எழுத்திலேயே தெரிகிறது.

அன்புடன்,
பொன்மணி

*

ஸ்ரீவில்லிபுத்தூர்
8.7.2024
(வாய்விட்டு வாசிக்காதே)

அன்புத் தங்கைக்கு அண்ணன் எழுதுவது. மூவரும் சுகம், ஒருவர் அழுகை தவிர. மாப்பிள்ளையின் முழங்கால் வலி எப்படி?

ஆடிப்பூரத் தேர் நெருங்குகிறது, கடையில் வேலை நெரிகிறது. அந்த நெரிசலில் ஒரு கூத்து. சுந்தரபாண்டியத்தில் ஒரு காதுகுத்து விழாவுக்கு ஃப்ளெக்ஸ். முந்தின நாள் அடித்த கண்ணீர் அஞ்சலியின் மேலேயே படத்தை மாற்றினேன், ஒரு சொல்லை மாற்ற மறந்துவிட்டேன். மண்டப வாசலில் பத்தடி உயரத்தில், 'இவண் வருந்தும் தாய்மாமன் பால்பாண்டி' என்று நிற்கிறது. விழா வீட்டார் என்னை அடிக்க வந்தார்கள். அவர்கள் கையைப் பிடித்துத் தடுத்தவர் அந்தத் தாய்மாமன்தான். "அவனை ஏம்ல அடிக்கிய? ஆயிரம் பேரு அடிக்கான், இவன் ஒருத்தந்தான் உண்மைய அடிச்சிருக்கான்" என்றார்.

சரி, அழுவாச்சி. இது ஒரு வருஷத்துக்கு மேல் தங்கினால் என்ன ஆகும் என்று உனக்குத் தெரியும். எதிர்வீட்டு விக்னேஷ்வரன் சார் வீட்டில் அப்படித்தான் தங்கியது. அவர் மனைவி இறந்தபோது சார் அழவில்லை. ஆம்பளை அழக்கூடாது என்று யாரோ சொன்னார்களாம். வருஷம் முடிந்த அன்று அது எழுந்து போனது. போகும்போது அவருடைய அழுகையையும் சிரிப்பையும் சேர்த்து எடுத்துக்கொண்டு போய்விட்டது. இரண்டுக்கும் ஒரே குழாய்தானே! இப்போது அவரிடம் என் தாய்மாமன் கதையைச் சொன்னால், "அச்சுப்பிழையா?" என்று கேட்கிறார். என் பிழைப்பில் சிரிப்பு போனால் மிச்சம் இந்த வயிறு ஒன்றுதான். பிப்ரவரி எட்டுக்குள் நான் வாய்விட்டு அழுதாக வேண்டும்.

முயற்சி செய்யாமல் இல்லை. இரண்டு கிலோ சின்ன வெங்காயம் உரித்தேன். வெங்காயத்துக்கு வந்த கண்ணீரைப் பார்த்து அழுவாச்சி முகத்தைத் திருப்பிக்கொண்டது. உன் மதினியோடு உட்கார்ந்து சீரியல் பார்த்தேன். அவள் அழுதாள், அது அழுதது. நான் விளம்பரம் வந்ததும் தூங்கிப்போனேன்.

ஒரு வேடிக்கை கேள். தினமும் பிற்பகல் மூன்று மணிக்கு அது எழுந்து வாசலுக்குப் போகிறது. தெற்கே போகிற பஸ் ஹாரன் கேட்டால் அழுகையை நிறுத்திக் காதைத் தீட்டுகிறது. பஸ் போனதும் வந்து உட்கார்ந்து மறுபடி ஆரம்பிக்கிறது. டைம் கீப்பர் வேலைக்கு மனுப் போட்டால் கிடைத்துவிடும்.

மழை உண்டா அங்கே?

உன் அண்ணன்,
ரத்தினம்

*

ராஜபாளையம்
2.8.2024

அன்புள்ள அண்ணனுக்கு, நலம். அவருக்கு முழங்கால் தேவலை. மழை இல்லை.

தாய்மாமன் கதையை மனசுக்குள் வாசிக்க முடியவில்லை, சிரித்துவிட்டேன். சிரித்ததற்கு எதுவும் வந்து உட்காரவில்லை. எங்கள் கம்பெனியில் கழித்த கட்டுத்துணி ரோல் நாலு அனுப்பியிருக்கிறேன். அதன் காலடியில் விரித்து வை, தரை வழுக்காது. ஊரெல்லாம் காயத்துக்குக் கட்டும் துணி, உன் வீட்டில் கண்ணீருக்கு.

நான் கேட்ட ஒரு வரி இந்தக் கடிதத்திலும் இல்லை. அதனால் நானே உட்கார்ந்து யோசித்தேன். நம் குடும்பத்தில் அழாமல் விட்ட சாவு ஏது? அப்பாவுக்கு அழுதோம். அம்மாவுக்கு நீ அழுத அழுகையில் பந்தல்காரனே பயந்தான்.

இன்னும் ஒருவர் நமக்கு உண்டு. அவர் விஷயம் சுந்தரபாண்டியத்தில் நம் தோட்டத்துக் கிணற்றடியில் முடிந்துபோனது. என் கல்யாணத்துக்கு ஏழு நாள் இருக்கும்போது அவர் சொல்லாமல் ஓடிப்போய்க் கோயிலில் அல்லாமல் சர்ச்சில் தாலி கட்டினார். எனக்கு நிச்சயித்த மாப்பிள்ளை வீட்டார் தட்டைத் திருப்பி எடுத்துக்கொண்டு போனார்கள். அப்பா நம் இருவரையும் கிணற்றடியில் நிறுத்தி, 'உங்களுக்கு மூத்தவன் இல்ல, தலைமுழுகுங்க' என்றார். மூன்று குடம், ஒரு குடம்கூடக் குறையாமல் ஊற்றிக்கொண்டேன். செத்தவருக்கு முழுகுவது போல. இருபத்துநாலு வருஷம் ஆகிறது. நாம் முன்னாலேயே முழுகிவிட்டதால் அவர் பொருட்டு நம் வீடுகளுக்கு அழுவாச்சி வர வழியே இல்லை. அந்தப் பேரை நான் எழுதவும் போவதில்லை.

ஆகவே வேறு யார்?

அன்புடன்,
பொன்மணி

*

ஸ்ரீவில்லிபுத்தூர்
19.8.2024
(வாய்விட்டு வாசிக்காதே)

தங்கைக்கு, சுகம். கட்டுத்துணி வந்தது. விரித்த அன்றே நாலு ரோலும் நனைந்து, பிழிந்து கொடியில் போட்டிருக்கிறேன். வீடு ஆஸ்பத்திரி மாதிரி இருக்கிறது.

தேர் நல்லபடியாக நிலைக்கு வந்தது. உன் மதினி நல்லபடியாக வீட்டைவிட்டுப் போனாள். நேற்றுக் காலையில் என் சட்டையைத் துவைக்க எடுத்தவள் பையில் எதையோ பார்த்தாள். என்ன என்று நான் கேட்கவில்லை. கேட்டால் சொல்லிவிடுவாள். துணிப்பையை எடுத்துக்கொண்டு அழுவாச்சியின் முன்னால் போய் நின்று, "நீயாவது சொல்லித் தொலையேன். யாருக்குத்தான் இம்புட்டு அழுவுத?" என்றாள். அது அவள் கையைப் பிடித்தது, பொன்னி. இத்தனை மாசத்தில் யாரையும் தொட்டதில்லை. அவள் வளையலெல்லாம் ஈரம். துடைக்காமலேயே பஸ் ஏறிப் போய்விட்டாள்.

அவள் உன் வீட்டுக்குத்தான் வந்திருப்பாள். ஊறுகாய்ப் பானை எங்கே இருக்கிறது என்று மட்டும் கேட்டு எழுது. மற்றதைக் கேட்காதே.

ரத்தினம்

*

ராஜபாளையம்
24.8.2024

மதிப்பிற்குரிய அண்ணனுக்கு,

நலம். மதினி இங்கேதான் இருக்கிறார். ஊறுகாய் பரணில் இடப்பக்கம்.

உங்கள் சட்டைப்பையில் இருந்தது ஒரு பஸ் டிக்கெட். ஸ்ரீவில்லிபுத்தூர் – தேவதானம். அந்த ஊரில் உங்களுக்கு ஒரு பெண் இருந்து செத்துவிட்டதாக மதினி முடிவே கட்டிவிட்டார். அவர் இந்தக் குடும்பத்துக்கு வந்தபோது நாம் முழுகி இரண்டு வருஷம். தேவதானத்தில் யார் இருக்கிறார் என்று அவருக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். குற்றாலம் போகிற போதெல்லாம் சேத்தூர் தாண்டியதும் கண்ணை மூடிக்கொண்டு தூங்குவது போல வருகிறவள் நான்.

நீங்கள் ஏன் அங்கே போகிறீர்கள் என்று கேட்கவில்லை. எத்தனை வருஷமாகப் போகிறீர்கள் என்றும் கேட்கவில்லை. ஒன்றே ஒன்றுக்குப் பதில் எழுதுங்கள்.

அவர் இருக்கிறாரா?

பொன்மணி

*

(அஞ்சல் அட்டை)
ராஜபாளையம்
5.10.2024

அண்ணன் அவர்களுக்கு, நலம். நாற்பத்திரண்டு நாள் ஆகிறது. போன் அடித்தால் எடுக்கவில்லை. கடை திறந்திருக்கிறது, வீட்டில் விளக்கு எரிகிறது என்று கேள்வி. இது கார்டு. தபால்காரரும் வாசிப்பார். அதனால் கேள்வியைத் திரும்ப எழுதவில்லை. உங்களுக்கு ஞாபகம் இருக்கும்.

பொன்மணி

*

ஸ்ரீவில்லிபுத்தூர்
10.11.2024
(வாய்விட்டு வாசிக்காதே)

தங்கை பொன்மணிக்கு,

நீ 'நீங்கள்' என்று எழுதியதை இருபது தரமாவது வாசித்திருப்பேன். நம் வீட்டில் அடி விழுவதற்கு முன்னால் அப்பாவும் 'வாங்க சார்' என்றுதான் கூப்பிடுவார்.

அண்ணன் இல்லை. சங்கிலிப்பாண்டி அண்ணன் பிப்ரவரி ஆறாம் தேதி போய்விட்டார்.

முதலில் கிணற்றடியைச் சொல்கிறேன். அன்றைக்கு எனக்குச் சளி. 'நீ பின்னால வா' என்று அப்பா உன்னை முன்னால் விட்டார். நான் பம்ப்செட் ரூமுக்குப் பின்னால் போனேன். துண்டை வாளியில் முக்கித் தலையில் சுற்றிக்கொண்டு, தண்ணீர் வடிய வந்து நின்றேன். சளிக்குப் பயந்துதான் செய்தேன் என்று ரொம்ப நாள் எனக்கே சொல்லிக்கொண்டேன். அன்று நான் முழுக்காட்டியது என் துண்டை மட்டும்தான். என் தலை நனையவே இல்லை. அதனால்தான் அது உன் வீட்டுக்கு வராமல் என் வீட்டுக்கு வந்தது.

இருபத்துநாலு வருஷமாக மாசம் ஒருமுறை போய்வந்தேன், அவர் போன பிறகும் நிறுத்தவில்லை. வெளியூர் ஆர்டர் என்று வீட்டில் சொல்வேன். அண்ணன் முதலில் விசாரிப்பது உன்னைத்தான். உன்னைப் பற்றிய கதையெல்லாம் நான் சொன்னதுதான். பாதி பொய், எல்லாம் சிரிப்பு.

அவருக்கு ஈரல் கெட்டுவிட்டது. கடைசியில் நாலு நாள் உங்கள் ஊர் ஆஸ்பத்திரியில்தான் வைத்திருந்தோம். உன் வீட்டிலிருந்து மூன்று தெரு. நான் இரண்டு தடவை உன் தெருமுனை வரைக்கும் வந்தேன். நீ வாசலில் கோலம் போட்டுக்கொண்டிருந்தாய். 'எனக்கு அண்ணன் ஒருத்தந்தான்' என்று நீ சொல்லிவிட்டால், அதை எப்படி அவரிடம் போய்ச் சொல்வேன்? திரும்பிப் போய்விட்டேன்.

பிறகு வீட்டுக்குக் கொண்டுபோகச் சொல்லிவிட்டார்கள். ஆறாம் தேதி பிற்பகல் மூன்று மணி. கட்டிலில் சாய்ந்திருந்தார். அவர் மனைவி பரிபூரணம் மதினி கால்மாட்டில் இருந்தாள்.

"ஏலே ரத்தினம், பொன்னிக்குச் சொல்லிட்டியா?"

"சொல்லிட்டேண்ணே."

"வாராளா?"

"வந்துக்கிட்டிருக்கா. பஸ்ல ஏறிட்டாளாம்."

"இப்பம் எங்கன வாரா?"

வெளியே ஒரு பஸ் ஹாரன் கேட்டது. "சேத்தூர் தாண்டிட்டாண்ணே" என்றேன்.

"சேத்தூர் தாண்டிட்டாளா! அப்பொ செத்த நேரந்தான்" என்றார். மதினியைப் பார்த்து, "பரி, டீ போட்டு வையி. அவளுக்குச் சீனி கூடப் போடணும்" என்றார். வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். மதினி டீ போட்டு எடுத்து வந்தபோதும் அப்படித்தான் பார்த்துக்கொண்டிருந்தார். நாங்கள்தான் கண்ணை மூடினோம். டீ ஆறிப்போனது.

உனக்கு நான் சொல்லவே இல்லை. நீ பஸ் ஏறவே இல்லை. என் வாழ்நாளில் எத்தனையோ கதை விட்டிருக்கிறேன் பொன்னி, இதைப் போல ஒருவர் நம்பியதில்லை. அழுவதற்கு வாயைத் திறந்தால் இந்தப் பொய்தான் தொண்டையில் வந்து நிற்கிறது.

இத்துடன் வைத்திருப்பது அன்றைக்கு நான் அடித்த போஸ்டர். ஒரே ஒரு பிரதிதான், ஒட்டவில்லை. வருந்துவோர் இடத்தில் என் பேர் போட்டு, பக்கத்தில் இடம் விட்டிருக்கிறேன். ஊருக்கெல்லாம் அடிக்கிறவன் சொந்த அண்ணனுக்கு அடித்ததில் தலைப்பிலேயே பிழை. இப்போதுதான் கவனித்தேன். நீ சுழித்துவிடு.

உன் கோபம் எதுவானாலும் சரி. எழுது.

ரத்தினம்

*

ஸ்ரீவில்லிபுத்தூர்
9.12.2024
(வாய்விட்டு வாசிக்காதே)

தங்கைக்கு,

நீயும் முனீஸ்வரியும் சுகமா? பதில் இல்லை. குற்றம் சொல்லவில்லை. நானும் இரண்டரை மாசம் எழுதாமல் இருந்தவன்தான்.

நேற்றுப் பால்பாண்டி கடைக்கு வந்தார், அந்தத் தாய்மாமன். கதையை மறுபடி நாலு பேரிடம் சொன்னார். எல்லாரும் சிரித்தார்கள். அது சிரிக்க வேண்டிய இடம் என்று எனக்குத் தெரிந்தது. வரவில்லை. 'அச்சுப்பிழைதான்' என்றேன்.

இன்னும் இரண்டு மாசம் இருக்கிறது. அது இப்போது மூன்று மணிக்கு வாசலுக்குப் போவதில்லை. உட்கார்ந்தே இருக்கிறது.

ரத்தினம்

*

ராஜபாளையம் – தேவதானம் பஸ்
27.12.2024

அண்ணனுக்குப் பொன்மணி எழுதுவது. நலம், மதினியும் நலம், முன் ஸீட்டில் இருக்கிறாள். பஸ் குலுக்கலில் எழுத்து ஆடும். இதற்கு நீ சிவப்பு மை எடுக்காதே.

முதலில் கோபத்தை எழுதிவிடுகிறேன். நான் வரமாட்டேன் என்று எனக்குப் பதிலாக நீ முடிவு செய்தாய். நான் வராமலே இருந்திருக்கலாம். தெருமுனையில் நின்ற உன்னைக் கோலமாவுக் கையோடு திட்டி அனுப்பியிருக்கலாம். ஆனால் அந்த 'மாட்டேன்' என்னுடையது. நீ கதை விடு, ஊரை ஏமாற்று, துண்டை முழுக்காட்டு. என் வாயை நீ எடுத்துக்கொண்டிருக்கக் கூடாது. இந்தக் கோபம் எனக்கு நாளைக்கும் இருக்கும்.

உன் கடிதத்தை நாற்பது நாள் தலையணைக்கு அடியில் வைத்திருந்தேன். அழுகை வரவில்லை. எப்படி வரும்? மூன்று குடம் ஊற்றியவள் நான். எனக்கென்று ஓர் அழுவாச்சியைக்கூட அந்த மலை அனுப்பவில்லை. பெரியண்ணனிடம் ஒன்று சொல்ல வேண்டும் என்று வருஷக்கணக்காக வைத்திருந்தேன். அன்று தட்டைத் திருப்பிக்கொண்டு போன அந்த மாப்பிள்ளை இப்போது ஊரிலுள்ள எல்லாருக்கும் தினமும் ஐம்பது 'காலை வணக்கம்' படம் அனுப்புகிறார். 'நல்லவேளை ஓடிப்போன, என்னைக் காப்பாத்தின' என்று சொல்லியிருப்பேன். அவர் எம்புட்டுச் சிரித்திருப்பார்.

நேற்றுக் காலை பதினொரு மணிக்கு மதினியை எதிரில் உட்கார வைத்து உன் கடிதத்தை எடுத்தேன். வாய்விட்டு வாசித்தேன். முதலில் போஸ்டர், பிறகு கிணற்றடியிலிருந்து. சேத்தூர் என்கிற இடத்தில் குரல் போய்விட்டது. மதினி வாங்கி, டீ ஆறியது வரைக்கும் மிச்சத்தை வாசித்தாள். வாசித்து முடித்து, "அட கிறுக்கு மனுசா, இதுக்கா என்னைய அழவிட்ட?" என்றாள்.

செத்த நேரத்தில் வாசல்படி நனைந்தது. உன் மாப்பிள்ளை எட்டிப் பார்த்தார். உள்ளே போய் ஒரு நாற்காலி கொண்டுவந்து போட்டார்.

சாயங்காலம் விக்னேஷ்வரன் சார் போன் செய்தார். காலை பதினொரு மணிக்கு உன் வீட்டிலிருந்து தெரு முழுக்கக் கேட்கிற மாதிரி சத்தம் வந்ததாம். 'அழுதாரா சார், சிரிச்சாரா?' என்றேன். "அதெல்லாம் எனக்கு வித்தியாசம் தெரியாதும்மா. ஆனா பெரிய சத்தம்" என்றார்.

போஸ்டரில் நீ விட்டிருந்த இடத்தில் 'தங்கை பொன்மணி' என்று எழுதிவிட்டேன். தலைப்பில் 'கண்ணீர் அஞ்சல்' என்று அடித்திருக்கிறாய். 'லி' இருக்க வேண்டிய இடத்தில் 'ல்'. அதைச் சுழிக்கவில்லை. நீ அடித்ததிலேயே பிழையில்லாத போஸ்டர் அது ஒன்றுதான். பரிபூரணம் மதினி வீட்டுச் சுவரில் ஒட்டப் பசை வாங்கி வைத்திருக்கிறேன்.

என் வீட்டுக்கு வந்தது இப்போது பஸ்ஸில் என் பக்கத்தில் இருக்கிறது. "அழுவாச்சிக்கு டிக்கெட் கிடையாதுக்கா, மடியில வச்சுக்கோங்க" என்று கண்டக்டர் சொல்லிவிட்டார். மடியெல்லாம் ஈரம். ஆனால் ஏறியதிலிருந்து அழவில்லை, ஜன்னலையே பார்த்துக்கொண்டு வருகிறது. நானும் கண்ணை மூடவில்லை.

இதைத் தேவதானம் தபால் பெட்டியில் போடுவேன். நாலு நாளில் உனக்கு வரும். அதுவரை நானும் முனீஸ்வரி மதினியும் அங்கேதான் இருப்போம். கிடைத்ததும் உன் வீட்டு ஆளையும் மடியில் வைத்துக்கொண்டு பஸ் ஏறு. அங்கே கிணறு இருக்கிறதாம். துண்டு கொண்டுவராதே.

மணி மூன்றாகப் போகிறது. டீக்குச் சீனி கூடப் போடச் சொல்ல வேண்டும்.

இப்போதுதான் சேத்தூர் தாண்டினேன்.

உன் தங்கை,
பொன்னி